மறுதரப்பையும் கேளுங்கள்



மழை பொய்த்தால் அருப்புக்கோட்டை, திருச்சுழி கரிசல் மக்கள் பிழைப்புத் தேடிப் புறப்படுவதை நாம் அறிவோம். அவ்வாறே வறட்சியால் வேலையிழந்த சேலத்துக் கூலித் தொழிலாளி ஒருவர் 1961-இல் பம்பாய் சென்றார். நடைபாதைக் குடிசையில் மனைவி, மூன்று மகள்களுடன் வாழ்ந்தார். 1981 ஜூலை 23-இல் மாநகராட்சியினர் குடிசையை இடித்துக் குடும்பத்தைச் சேலத்துக்குப் பேருந்தில் ஏற்றினர். பிழைப்புக்காக அவர் மட்டும் திரும்பி வந்து, மீண்டும் நடைபாதையிலேயே ஒதுங்கினார்.

அவரும் பிறரும் தொடுத்த வழக்கில், தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் தலைமையிலான ஐவர் அமர்வு 1985 ஜூலை 10-இல் தீர்ப்பளித்தது. வாழும் உரிமையில் வாழ்வாதாரமும் அடங்கும். முன்னறிவிப்புத் தந்து, அவர்தம் தரப்பைக் கேட்பதே முறை என்றது உச்ச நீதிமன்றம். அதே வேளை, பொதுப்பாதையை ஆக்கிரமிக்க எவருக்கும் உரிமையில்லை என்றும் கூறி, மழைக்காலம் கழியும்வரை, அக்டோபர் 31 வரை, அகற்றத் தடை விதித்தது.

சிந்தியுங்கள்! அலீ (ரலி) அவர்களை யமனுக்கு நீதிபதியாக அனுப்பியபோது, ஒரு தரப்பைக் கேட்டது போன்றே மறுதரப்பையும் கேட்காமல் தீர்ப்பளிக்கலாகாது என நபி (ஸல்) அவர்கள் அறிவுறுத்தினார்கள். ஒரு சாண் நிலத்தை அநியாயமாக அபகரிப்பவரின் கழுத்தில் ஏழு பூமிகள் மாட்டப்படும் என்றும் எச்சரித்தார்கள்.

ஆகவே, பிறர் இடத்தில் அநியாயமாக அமராதீர்கள்! பத்திரம் நம் கையில் இருக்கிறதே என்று, குடியிருப்பவரின் பண்டபாத்திரங்களை வீதியில் எறியவும் செய்யாதீர்கள்! ஜமாஅத்தில் பேசுங்கள், தீராவிடில் நீதிமன்றம் செல்லுங்கள்.

நீதியின்மீது நிலைத்திருப்போராக அல்லாஹ் நம்மை ஆக்கியருள்வானாக! ஆமீன்.