இரண்டு வீடு

சென்ற மாதம் ஒரு நாள் இரவு, சாப்பாடு ஆன பிறகு, வீட்டில் எல்லோரும் டெலிவிஷன் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள். நானும் போய் உட்கார்ந்தேன். தென் கொரியா தேசத்துக் கதை ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. பெரிய வியாபாரக் கம்பெனியின் ஆபீஸ். எல்லோரும் ஓடுகிறார்கள், போனில் பேசுகிறார்கள், காகிதம் புரட்டுகிறார்கள். நடுவிலே ஒரு வாலிபன் சும்மா நிற்கிறான். அவன் போட்டிருந்த கோட்டு அவனுக்குச் சற்றுப் பெரிது. யாராவது கூப்பிட்டு ஒரு வேலை சொல்ல மாட்டார்களா என்று அவன் கண் ஒவ்வொரு மேஜையாகப் போய் வந்தது. ஒருவரும் கூப்பிடவில்லை.

அவன் நின்ற விதம் என்னைப் பிடித்துக்கொண்டது. ஏனென்றால் அப்படி நானும் நின்றிருக்கிறேன். காலேஜில் இரண்டு வருஷம் படித்ததோடு என் படிப்பு நின்றுவிட்டது. பட்டதாரிகள் நிறைந்த ஓர் ஆபீஸில் குமாஸ்தாவாகச் சேர்ந்தேன். முதல் வாரம் முழுவதும், இரண்டு கைகளையும் எங்கே வைத்துக்கொள்வது என்பதே எனக்குப் பெரிய பிரச்னையாக இருந்தது. அந்தக் கஷ்டம் அனுபவித்தவனுக்குத்தான் தெரியும். இந்தப் பையனுக்கு எப்படித் தெரிந்தது?

"நல்ல நடிகன். எந்த நாடக சபையில் பழகினவனோ?" என்றேன்.

என் பெண் சிரித்தாள். "நாடகமும் இல்லை, சபையும் இல்லை அப்பா. அவர் முதலில் ஆடிப் பாடுகிற கோஷ்டியில் இருந்தவர். ஒன்பது பேரில் ஒருத்தர்."

எனக்கு நம்பிக்கை வரவில்லை. மேடையில் தலைமயிருக்குச் சாயம் பூசிக்கொண்டு, ஒரே மாதிரி காலைத் தூக்கி ஆடுகிற பையன்களில் ஒருவனா இப்படி நிற்கிறான்? கதை எழுதுகிறவனுக்கு இப்படி ஒரு சந்தேகம் வந்துவிட்டால் தூக்கம் வராது. விசாரிக்கத் தொடங்கினேன். விசாரித்ததில், ஒரு தனி மனிதனின் வாழ்க்கையோடு ஒரு தொழிலின் சரித்திரமே வந்து சேர்ந்தது.

இந்தக் கோஷ்டித் தொழில் அங்கே பழமையானது அல்ல. 1992இல் ஸோ தேஜி என்ற வாலிபரும் அவருடைய இரண்டு தோழர்களும் மேடை ஏறியபோதுதான் கொரியப் பாட்டின் போக்கே மாறியது. அவர்கள் மூவரும் தாங்களாகச் சேர்ந்தவர்கள். 1996 ஜனவரியில் விலகிக்கொண்டார்கள். அதே வருஷம் செப்டம்பரில் எச்.ஓ.டி. என்ற ஐந்து பையன்கள் வந்தார்கள். இவர்கள் தாங்களாகச் சேரவில்லை, எஸ்.எம். என்ற கம்பெனி பொறுக்கிச் சேர்த்துப் பழக்கிய பிள்ளைகள். இதில்தான் புதுமை. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளைத் தேர்ந்தெடுப்பது, ஆட்டமும் பாட்டும் கற்றுக்கொடுப்பது, இன்ன தேதியில் மேடையேற்றுவது, ஒப்பந்தம் எழுதிக்கொள்வது என்று எல்லாவற்றையும் ஒரே முதலாளி செய்தார். தேசமே அவர்களைக் கொண்டாடியது. ஆனால் 2001 மே மாதம் கோஷ்டி கலைந்தது. ஐந்து வருஷம்கூட நிறையவில்லை.

இந்த ஐந்து வருஷக் கணக்குத்தான் இந்தத் தொழிலின் முதல் பாடம். ஆடிப் பாடுகிறவனுக்கு ஆயுசு குறைவு. அதற்கு மூன்று காரணங்கள் சொல்லலாம்.

முதலாவது, வயசு. அடுத்த வருஷமே இன்னும் சின்னப் பையன்கள் வந்துவிடுவார்கள்.

இரண்டாவது, பட்டாளம். தென் கொரியாவில் உடல் நலமுள்ள ஆண்பிள்ளை ஒவ்வொருவரும் ஒன்றரை வருஷத்துக்குக் குறையாமல் ராணுவ சேவை செய்தாக வேண்டும். பெரும்பாலும் இருபது வயசுகளுக்குள் போய்விட வேண்டும். ஒன்பது பேர் கோஷ்டியில் ஒருவர் மாற்றி ஒருவர் போய் வருவதற்குள் பத்து வருஷம் ஓடிவிடும்.

மூன்றாவது, ஒப்பந்தம். 2009இல், தோங்பாங்ஷின்கி என்ற புகழ்பெற்ற ஐவர் கோஷ்டியில் மூன்று பேர், பதின்மூன்று வருஷ ஒப்பந்தம் நியாயமல்ல என்று கோர்ட்டுக்குப் போனார்கள். அதே வருஷம், வியாபார நியாயங்களைக் கவனிக்கும் அரசாங்கக் கமிஷன் ஒரு மாதிரி ஒப்பந்தத்தை வெளியிட்டு, ஏழு வருஷம் என்று வரம்பு கட்டியது. நல்ல காரியம்தான். ஆனால் அன்று முதல் ஏழாவது வருஷம் என்பது எல்லாக் கோஷ்டிகளுக்கும் ஒரு கண்டமாகிவிட்டது.

ஆகவே அந்தப் பிள்ளைகள் வேறு வாசலைத் தேடினார்கள். பக்கத்திலேயே திறந்திருந்த வாசல் நடிப்பு. ஷின்ஹ்வா கோஷ்டியின் எரிக் 2004இல் டெலிவிஷன் தொடர் ஒன்றில் நடித்துப் பெயர் வாங்கினார். அதே வருஷம் ஜி.ஓ.டி. கோஷ்டியிலிருந்து யூன் கே-சாங் விலகி சினிமாவுக்குப் போனார். பத்து வருஷம் கழித்து, 2014இல், பழைய தோழர்கள் ஐவரும் மறுபடி சேர்ந்து மேடையேறினார்கள். 2017இல் அதே யூன் கே-சாங் ஒரு படத்தில் ஈவு இரக்கமற்ற ரௌடித் தலைவனாக வந்து, 'இவரா பாட்டுப் பாடினார்!' என்று ஜனங்களைத் திகைக்க வைத்தார்.

ஆனால் எல்லோருக்கும் இந்த வரவேற்பு கிடைக்கவில்லை. முகராசியை நம்பி வந்து, வசனத்தை ஒப்பித்துவிட்டுப் போனவர்கள் அநேகம். அவர்களைக் குத்திக்காட்ட அந்த ஊரில் ஒரு சொல்லே இருக்கிறது. 'காலால் நடிக்கிறான்' என்பார்கள்.

இனி நம்முடைய பையனிடம் வருவோம்.

அவர் பெயர் இம் ஷிவான். 1988 டிசம்பரில் பூசான் என்ற துறைமுகப் பட்டினத்தில் பிறந்தவர். பூசான் சர்வகலாசாலையில் யந்திர இஞ்ஜினீயரிங் படிக்கச் சேர்ந்தவர், பாட்டின் பின்னால் தலைநகர் சியோலுக்கு வந்தார். 2010 ஜனவரியில் ஒன்பது பேர் கோஷ்டி ஒன்று மேடையேறியது. கொரிய பாஷையில் அதன் பெயருக்கு 'சாம்ராஜ்யத்தின் பிள்ளைகள்' என்று அர்த்தம். பெயரில் இருந்த சாம்ராஜ்யம் தொழிலில் கிடைக்கவில்லை. கோஷ்டிக்கு அபிமானிகள் இருந்தார்கள். ஆனால் முதல் வரிசையில் இடம் கிடைக்கவில்லை. மூன்றரை நிமிஷப் பாட்டை ஒன்பது பேருக்குப் பங்கு போட்டால் ஆளுக்கு அரை நிமிஷம்கூடத் தேறாது. அந்த அரை நிமிஷத்துக்குள் தன் முகத்தை ஜனங்கள் ஞாபகம் வைத்துக்கொள்ளும்படி செய்தாக வேண்டும்.

2012இல் எம்.பி.சி. டெலிவிஷனில் 'சூரியனை அணைத்த சந்திரன்' என்ற ராஜா ராணிக் கதை வந்தது. அதில் கதாநாயகியின் அண்ணனாக, ஒரு பண்டித இளைஞனின் வாலிபப் பருவத்தில், ஷிவான் வந்தார். முதல் சில வாரங்கள்தான் வேஷம். அந்தத் தொடரின் பார்வையாளர் கணக்கு நாற்பது சதவிகிதத்தைத் தாண்டியது. பையனின் முகம் ஊருக்குத் தெரிந்தது.

அடுத்த வேஷம் முகத்துக்காகக் கிடைத்ததல்ல. அதைச் சொல்வதற்குமுன் கொஞ்சம் சரித்திரம் சொல்ல வேண்டும்.

1981இல் கொரியாவில் ராணுவத் தலைவர் சுன் டூ-ஹ்வானின் ஆட்சி. பூசானில் புத்தகம் படித்து விவாதித்த குற்றத்துக்காக மாணவர்கள், ஆசிரியர்கள், ஆபீஸ் சிப்பந்திகள் என்று 22 பேரைப் போலீஸ் பிடித்துப் போயிற்று. வாரண்டு கிடையாது. வாரக்கணக்கில் அடைத்து வைத்துச் சித்திரவதை செய்து, தேசத் துரோகிகள் என்று ஒப்புக்கொள்ள வைத்தார்கள். அவர்களுக்காக வாதாடிய வக்கீல்களில் ஒருவர் ரோ மூ-ஹ்யூன். அதுவரை வரி வழக்குகளில் சம்பாதித்துக்கொண்டிருந்தவர், இந்த வழக்குக்குப் பிறகு வேறு மனிதரானார். 2003இல் அவரே தேசத்தின் ஜனாதிபதியானார்.

இந்தச் சம்பவத்தைத் தழுவி 2013 டிசம்பரில் 'வக்கீல்' என்ற படம் வெளிவந்தது. வக்கீலாக சோங் காங்-ஹோ நடித்தார். பன்றிக் கறிக் கஞ்சிக் கடை வைத்திருக்கும் ஓர் அம்மாளின் மகனாக, போலீஸ் பிடித்துப்போகும் மாணவனாக, ஷிவான் நடித்தார். சிறைச்சாலையில் அம்மாவைப் பார்க்கும் காட்சி. உடம்பெல்லாம் காயம். பேச்சுக் குழறுகிறது. இந்தப் பிள்ளை மேடையில் ஆடியவன் என்று எண்ண முடியுமா? பூசான் பேச்சு அவர் சொந்தப் பேச்சு. பூசான் மாணவனாக அவரே இருந்தவர். படத்தை ஒரு கோடிப் பேருக்கு மேல் தியேட்டரில் பார்த்தார்கள். ஐந்து கோடி ஜனத்தொகையில் இது சின்னக் கணக்கு அல்ல. 2014 செப்டம்பரில், அந்த உண்மை வழக்கில் தண்டனை பெற்றவர்களில் ஐந்து பேரைக் குற்றமற்றவர்கள் என்று சுப்ரீம் கோர்ட்டு விடுதலை செய்து தீர்ப்பளித்தது. முப்பத்துமூன்று வருஷம் கழித்து!

அடுத்த மாதம், 2014 அக்டோபரில், நான் பார்த்த அந்தக் கதை டெலிவிஷனில் தொடங்கியது. பெயர் 'மிசெங்'. யூன் தே-ஹோ என்பவர் எழுதி வரைந்த சித்திரக் கதை அது.

பெயரின் அர்த்தத்தைத் தெரிந்துகொண்டபோதுதான் எனக்கு முழு விஷயமும் விளங்கியது. கொரியாவில் 'பாதுக்' என்று ஒரு பலகை ஆட்டம். பத்தொன்பது கோடு குறுக்கே, பத்தொன்பது கோடு நெடுக்கே, 361 சந்திகள். கறுப்புக் கல் ஒருவருக்கு, வெள்ளைக் கல் ஒருவருக்கு. எதிரி நம் கற்களைச் சுற்றி வளைத்துவிட்டால் அவை செத்தவை, எடுத்துவிட வேண்டியதுதான். ஆனால் நம் கற்களுக்கு நடுவே, ஒன்றையொன்று தொடாமல், இரண்டு வெற்றிடம் இருந்தால் எதிரி எவ்வளவு வளைத்தாலும் அவற்றைக் கொல்ல முடியாது. அந்த வெற்றிடத்தைக் கொரியர்கள் 'வீடு' என்கிறார்கள். ஒரு வீடு போதாது. இரண்டு வீடு இருந்தால்தான் உயிர். இரண்டாவது வீடு இன்னும் அமையாமல், சாகவும் இல்லை பிழைக்கவும் இல்லை என்று நிற்கும் கற்களுக்குப் பெயர்தான் மிசெங்.

கதாநாயகன் ஜாங் குரே, சின்ன வயசு முதல் பாதுக் ஒன்றையே கற்றுத் தொழில் ஆட்டக்காரனாக முயன்று தோற்றவன். பட்டம் கிடையாது. யாரோ சிபாரிசு செய்து ஒரு வியாபாரக் கம்பெனியில் தற்காலிக வேலை கிடைக்கிறது. பெயரில் உள்ள 'குரே' என்ற சொல்லுக்கு அந்தப் பாஷையில் 'ஆகட்டும்' என்று அர்த்தம். எதற்கும் ஆகட்டும் என்று உழைக்கிறான். மேலதிகாரிக்கு அவன்மேல் பிரியம். ஆயினும் இரண்டு வருஷ ஒப்பந்தம் முடிந்ததும் கம்பெனி அவனை நிரந்தரமாக்குவதில்லை.

ஊர் முழுவதும் அவனில் தன்னைக் கண்டது. எவ்வளவு தூரம் என்றால், அந்த டிசம்பரில் தற்காலிக ஊழியர்களின் ஒப்பந்தக் காலத்தை இரண்டு வருஷத்திலிருந்து நான்கு வருஷமாக நீட்டலாம் என்று அரசாங்கம் யோசனை சொன்னபோது, அதற்கு 'ஜாங் குரே சட்டம்' என்றே பெயர் விழுந்தது. தொழிற்சங்கங்கள், 'இது ஜாங் குரேயைக் கொல்லும் சட்டம்' என்று கிளம்பின. கடைசியில் அந்த யோசனை சட்டமாகவில்லை.

இப்போது யோசித்துப் பாருங்கள். சின்ன வயசு முதல் ஒரே வித்தை. தேறினால் உண்டு, தேறாவிட்டால் கையில் பட்டமும் இல்லை, வேறு தொழிலும் இல்லை. பாதுக் பையனுக்கும் பாட்டுக் கோஷ்டிப் பையனுக்கும் என்ன வித்தியாசம்? ஷிவானும் ஒரு வீட்டோடு நின்ற கல்தான். கோஷ்டிப் பையன் என்பது நடிப்புக்கு ஒரு குறை என்றல்லவா நான் நினைத்தேன்? அந்தக் குறைதான் முதலாக இருந்திருக்கிறது. ஒன்பது பேரில் ஒருவனாக, அரை நிமிஷத்துக்குக் காத்து நின்றவனுக்கு, கூப்பிடுவார்களா என்று நிற்கும் வித்தையை யாரும் கற்றுக்கொடுக்க வேண்டியதில்லை.

பிறகு நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 2017 ஜனவரியோடு ஏழு வருஷம் நிறைந்தது. கோஷ்டிக்காரர்கள் ஆளுக்கொரு பக்கம் பிரிந்தார்கள். ஜூலையில் ஷிவான் பட்டாளத்துக்குப் போய் 2019 மார்ச்சில் திரும்பினார். பட்டாளத்தோடு மறக்கப்பட்டவர்கள் பலர். இவருக்கு வேஷங்கள் காத்திருந்தன. 2023இல், 1947ஆம் வருஷம் பாஸ்டன் மாரத்தானில் முதலாக வந்த ஸோ யூன்-போக்காக நடித்தார். 2024 டிசம்பரில் 'ஸ்க்விட் கேம்' தொடரின் இரண்டாவது பாகத்தில், ஊராரின் பணத்தை நஷ்டத்தில் இழுத்துவிட்டவனாக வந்தார். அவருக்கு இரண்டாவது வீடு அமைந்துவிட்டது.

கதையை இங்கே முடித்தால் எல்லோருக்கும் திருப்திதான். ஆனால் பாதுக் ஆட்டத்தில் இன்னும் ஒரு விதி உண்டு. சேர்ந்து நிற்கும் கற்களுக்குத்தான் வீடு பொது. பிரிந்துவிட்ட கல், தன் வீட்டைத் தானே தேடிக்கொள்ள வேண்டும்.

இதை நினைத்துக்கொண்டே மறுநாள் என் பெண்ணைக் கேட்டேன்: "அந்த ஒன்பது பேரில் மற்றவர்கள் என்ன ஆனார்கள்?"

"ஏன், பார்க் ஹ்யூங்-ஷிக் பெரிய நடிகர். கிம் தோங்-ஜுன் ஒரு சரித்திரத் தொடரில் ராஜாவாக வந்தார். குவாங்-ஹீ தமாஷ் நிகழ்ச்சிகளில் பிரபலம்."

"ஷிவானோடு நாலு பேர் ஆயிற்று. மற்ற ஐந்து பேர்?"

அவள் விரலை மடக்கிக்கொண்டு யோசித்தாள். மடக்கிய விரல் நாலோடு நின்றது.

"பார்த்துச் சொல்கிறேன் அப்பா" என்றாள்.