ஆறடிச் சுவர்

புதிய கருவி கைக்கு வந்துவிட்டால் புதிய உருவமும் தானாகவே வந்துவிடும் என்ற எண்ணம் நம்மிடையே கேள்விக்குள்ளாகாத ஒரு நம்பிக்கையாகவே இருந்துவருகிறது. யாப்பை விட்டவுடன் கவிதை நவீனமாகிவிட்டது என்று சொல்பவரும் இந்த நம்பிக்கையைச் சேர்ந்தவர்தான். இதற்கு எதிராக நான் முன்வைக்க விரும்பும் சாட்சி இலக்கியத்திலிருந்து அல்ல. வாடகைக்கு விடுவதற்காகக் கட்டப்பட்ட ஓர் அலுவலகக் கட்டடம்.

சிகாகோவில் ஜாக்சன், டியர்பார்ன் தெருக்கள் சந்திக்கும் இடத்தில் நிற்கிறது மொனாட்னாக் கட்டடம். பெயர் ஒன்று, பாதிகள் இரண்டு. வடபாதியை வடிவமைத்தவர்கள் டேனியல் பர்னம், ஜான் வெல்பார்ன் ரூட் என்ற கூட்டாளிகள். 1891-ல் எழுந்த அதன் 16 மாடிகளின் வெளிச்சுமையைச் செங்கல் சுவரே தாங்குகிறது. அடியில் 6 அடி கனமுள்ள சுவர், உச்சியில் 18 அங்குலம். 1893-ல் எழுந்த தென்பாதி ஹோலபர்ட்–ரோஷ் நிறுவனத்தின் வேலை. அங்கே சுமையைத் தாங்குவது, அக்காலத்தின் புதுமையான எஃகுச் சட்டகம்.

எது நவீனமாகத் தெரிய வேண்டும்? நடந்ததோ நேர்மாறு. பழைய முறையில் எழுந்த வடபாதியில் தூண் இல்லை, சிற்பம் இல்லை, கூரை விளிம்பில் கார்னிஸ் இல்லை. ஊதாப் பழுப்புச் செங்கல் ஒரே மூச்சில் மேலே போகிறது. எஃகு எலும்பு கொண்ட தென்பாதியோ அடித்தளம், நடு, தலை என்று மரபான பிரிவுகளை வைத்துக்கொண்டு, உச்சியில் பெரிய செப்புக் கார்னிஸையும் சூடிக்கொண்டது. எலும்பு புதிது, உடை பழையது. (வடபாதியும் முற்றிலும் பழைய முறை அல்ல. உள்ளே இரும்புத் தூண்களும் உத்தரங்களும் உண்டு. காற்றின் அழுத்தத்தைத் தாங்கும் இரும்புப் பிணைப்பும் உண்டு.) அதே பர்னமும் ரூட்டும் 1890 வாக்கில் ராண்ட் மெக்நாலி கட்டடத்தை எஃகுச் சட்டகத்திலேயே எழுப்பியவர்கள். ஆகவே இதை அறியாமை என்று தள்ளிவிட முடியாது.

அந்த வெறுமை ஒரு கலைக் கொள்கையிலிருந்து பிறந்ததும் அல்ல. 1871 தீவிபத்துக்குப் பின் சிகாகோவில் மனை விலை ஏறியது. லிஃப்ட் வந்தபின் மேல்மாடிக்கும் வாடகை கிடைத்தது. பாஸ்டனைச் சேர்ந்த பீட்டர் புரூக்ஸ், ஷெப்பர்ட் புரூக்ஸ் என்ற சகோதரர்கள் ஓவன் ஆல்டிஸ் என்ற முகவர் மூலம் இங்கே முதலீடு செய்தார்கள். சுவரில் எதுவும் துருத்தக்கூடாது என்பது பீட்டர் புரூக்ஸின் பிடிவாதம். துருத்தினால் அழுக்குச் சேரும், புறாவும் குருவியும் அடையும் என்பது அவர் கணக்கு. பின்னாளில் விமர்சகர்கள் தூய உருவம் என்று கொண்டாடியதன் ஊற்றுக்கண் இதுதான். இதைச் சொல்வதால் கட்டடத்தின் மதிப்பு குறைந்துவிடும் என்று நான் நினைக்கவில்லை.

ரூட் அலங்காரத்தில் கை தேர்ந்தவர். இதே சகோதரர்களுக்காக 1888-ல் முடித்த ரூக்கரி கட்டடத்தின் முகப்பைப் பார்த்தால் அது விளங்கும். அவர் ஊரில் இல்லாத சமயம் அலங்காரமே இல்லாத ஒரு முகப்பை வரையும்படி பர்னம் உத்தரவிட்டார். திரும்பி வந்த ரூட் முதலில் கோபப்பட்டார். பிறகு எகிப்தியப் பிரமிடின் கனத்த சாய்கோடுகள் மனதில் புகுந்துகொள்ள, அந்த வெறுமையையே தன்னுடையதாக்கிக் கொண்டார். சுவர் அடியில் மெல்ல வெளிநோக்கி விரிகிறது. உச்சியில் மறுபடி வளைந்து விரிகிறது. இந்த வளைவுகளுக்கென்றே செங்கற்கள் தனி அச்சில் வார்க்கப்பட்டன. வெளிச்சத்துக்காகவும் வாடகைப் பரப்புக்காகவும் தெருப்பக்கம் புடைத்த சன்னல் வரிசைகள் சுவரின் அலைகளாகவே ஆகிவிட்டன. உரிமையாளர் கேட்டது சிக்கனம். ரூட் கொடுத்தது உருவம். இரண்டுக்கும் இடைப்பட்ட தூரத்தைத்தான் நான் சிருஷ்டி என்கிறேன். 1891 ஜனவரியில், தன் 41-ஆம் வயதில், கட்டடம் முடியுமுன்பே அவர் இறந்துபோனார்.

ரூட்டின் கோபத்தையும் மனமாற்றத்தையும் பதிவு செய்தவர் அவர் மனைவியின் சகோதரி, ஹாரியட் மன்றோ. 1896-ல் ரூட்டின் வாழ்க்கையை நூலாக எழுதிய இவர்தான், 1912-ல் அதே சிகாகோவிலிருந்து 'பொயட்ரி' என்ற சிறுபத்திரிகையைத் தொடங்கியவர். வேலை செய்யாத சொல்லை வெட்டச் சொன்ன படிமவாதிகளின் வாதம் 1913-ல் அதில்தான் வந்தது. எலியட்டின் 'புரூஃப்ராக்' 1915-ல் அதில்தான் அச்சானது. சுவரிலிருந்து கவிதை பிறந்தது என்று நான் சொல்லவில்லை. இடையில் இருபது வருஷங்கள் உண்டு. 1893 உலகக் கண்காட்சியும் உண்டு. அதற்கு ஆடம்பரமான வாழ்த்துப்பா எழுதியவர் மன்றோ. அங்கே வெள்ளைத் தூண்களின் நகரத்தை எழுப்பும் பணிக்குத் தலைமை தாங்கியவர் அதே பர்னம். வெறுமையை ஒருமுறை கண்டவர்கள் அதிலேயே தங்கிவிடுவதில்லை. ஒவ்வொரு முறையும் அதைப் புதிதாக ஈட்ட வேண்டியிருக்கிறது.

ஆறடிச் சுவருக்கு விலையும் இருந்தது. தரைத்தளத்தில் விலைமிக்க இடத்தைச் சுவரே தின்றது. நகரின் களிமண்ணில், எஃகு உத்தரங்கள் பதித்த கான்கிரீட் தெப்பத்தின் மேல் நின்ற கட்டடம், காலப்போக்கில் சுமார் 20 அங்குலம் இறங்கியது. சுமைதாங்கும் செங்கல் சுவரில் இவ்வளவு உயரமான அலுவலகக் கட்டடம் பிறகு எழவில்லை. 1938-ல் நவீனப்படுத்துகிறோம் என்று வாயிலை மாற்றி, மொசைக் தரையை மூடினார்கள். 1970-ல் தேசியப் பதிவேட்டிலும், 1973-ல் நகரப் பாரம்பரியச் சின்னங்களின் பட்டியலிலும் இடம் கிடைத்தது. 1979-க்குப் பிறகு வந்த உரிமையாளர்கள், மூடியதைத் திறந்து, படிக்கட்டுகளின் அலுமினிய வேலைப்பாட்டையும் தரையையும் பழைய நிலைக்குக் கொண்டுவந்தார்கள்.

தென்பாதியையும் சேர்த்தே காப்பாற்றியது எனக்கு முக்கியமாகப் படுகிறது. வடபாதி தனியாக நின்றிருந்தால் அது ஒரு மேதையின் நினைவுச்சின்னம் என்று வணங்கிவிட்டுப் போயிருப்போம். இப்போது இரண்டும் ஒரே தெருவில், ஒரே நிறத்தில், தோளோடு தோள் ஒட்டி நிற்கின்றன. கருவி தந்த சுதந்திரம் தென்பாதியினருக்கு இருந்தது. அதை வைத்து என்ன செய்வது என்ற கேள்வியை அவர்கள் கேட்டுக்கொள்ளவில்லை. ரூட்டுக்கு அந்தச் சுதந்திரம் மறுக்கப்பட்டது. கேள்வி அவரை விடவில்லை.