அடுப்பு மூட்டாத பழ மிட்டாய்



அடுப்பு மூட்டாமல் பழ மிட்டாய் செய்து தீபாவளிக்குக் கொடுக்கலாமா என்று அசோக் நகர் வீட்டில் பேத்தி கேட்கிறாள். யாழ்ப்பாணத்தார் அதைத் தலைமுறை தலைமுறையாகச் செய்கிறார்கள். பெயர் பனாட்டு.

பனம்பழத்தைப் பிசைந்து, தும்பு நீக்கி, களி எடுப்பார்கள். பந்தலில் பாய் விரித்து அதன்மேல் ஊற்றுவார்கள். ஒரு படலம் காய்ந்ததும் அதன்மேல் அடுத்தது. நாள்கணக்கில் வெயில்தான் அடுப்பு. பிறகு உரித்தெடுத்துத் துண்டு போடுவார்கள். பனம்பாணியில் ஊறினால் அது பாணிப்பனாட்டு. ஈரம் வற்றிவிடுவதால் பூஞ்சை பிடிக்காது, மாதக்கணக்கில் இருக்கும்.

இலங்கைப் பனையைப் பற்றி 1850-இல் தனி நூலே எழுதிய வில்லியம் பெர்குசனும் இதை விவரித்திருக்கிறார். அன்று தீவுகளிலும் ஏழை வீடுகளிலும் வருடத்தில் சில மாதங்களுக்கு இதுதான் சாப்பாடு. நாம் பரிசாகக் கொடுக்க நினைப்பது அவர்களுக்குப் பசி தீர்த்த பண்டம்.

போரில் அங்கே ஏராளமான பனைகள் அழிந்தன. இங்கே பனை நம் மாநில மரம். ஆனாலும் செங்கல் சூளைக்கு வெட்டினோம். மரம் போனால் பண்டமும் போகும், அதன் பெயரும் போகும்.

பேரீச்சம்பழ உருண்டை பிடித்துக் கொடுங்கள், நல்லதுதான். யாழ்ப்பாண நண்பர் யாராவது இருந்தால் ஒரு துண்டு பனாட்டும் கேட்டு வாங்கி, பிள்ளைகளுக்குக் கதையோடு கொடுங்கள்.