மிச்சம் 38,000 அடி

ராயபுரத்தில் குடியிருப்பவனுக்குப் பொருள்கள் அழிவது பற்றி யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. ஜன்னல் கம்பி, சைக்கிள், துறைமுகத்துக் கிரேன் எல்லாவற்றையும் உப்புக்காற்று ஒரே நிதானத்தில் தின்கிறது. பிலிம் இவற்றைவிடப் பலவீனமானது. பழைய நைட்ரேட் பிலிம் தீப்பற்றும். பின்னால் வந்த அசிடேட், வெப்பமும் ஈரமும் சேர்ந்தால் காடி நெடியடித்துச் சுருங்கும். ஆனாலும் நம் படங்கள் போனதற்குக் காற்றின்மேல் மட்டும் பழி போட முடியாது. பழைய சுருள்களிலிருந்து வெள்ளியைப் பிரித்தெடுத்து விற்றவர்கள் மனிதர்கள்தான்.

இதையெல்லாம் யோசிக்கும்போது எனக்கு ஏ. கே. செட்டியார் நினைவு வருகிறது. தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து அயர்லாந்து போகும் கப்பலில், காந்தியைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. வயது முப்பதைத் தொடவில்லை. காந்தியை முன்பே யார் யாரோ எங்கெங்கோ படம் பிடித்திருந்தார்கள். அவற்றைத் தேடி ஐரோப்பா, தென்னாப்பிரிக்கா, அமெரிக்கா என்று ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் அலைந்தார். யுத்தம் நெருங்கிக்கொண்டிருந்த காலம். சேர்ந்தது சுமார் 50,000 அடி. படமானது சுமார் 12,000 அடி.

அதாவது ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடக்கூடியதிலிருந்து இரண்டேகால் மணி நேரம். படத்தொகுப்பு என்றால் வெட்டத்தான் வேண்டும்; அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. என் கவலை மிச்சம் 38,000 அடியைப் பற்றியது. தலைவர் நடந்து போனபின் கலையும் கூட்டம், காமிராவை வெறிக்கும் சிறுவன், சுவரில் கிழிந்த சுவரொட்டி எல்லாம் அங்கேதான் கிடக்கும். துறைமுகத்தைக் காட்டும் எந்தப் பழைய துண்டுப்படத்திலும் நான் தேடுவது கப்பலை அல்ல. மூட்டையோடு சட்டத்தின் ஓரத்தைக் கடந்துவிடுகிறானே, அவனைத்தான். எடுத்தவனுக்கு அவன் இடைஞ்சல். கத்தரிக்கு முதலில் அகப்படுகிறவனும் அவனே. திருவொற்றியூரில் ஓர் ஆலையைப் பூட்டினால் யந்திரங்களை ஏலம் கேட்க ஆள் வரும். ஆலை விழாவில் எடுத்த பிலிம் டப்பா இருந்தால் அதை யார் கேட்பார்கள்? மூடியில் ஊர், வருஷம், எடுத்தவர் பெயர் இல்லாவிட்டால் கேட்பவருக்கும் அது ஊமைச் சுருள்தான்.

செட்டியாரின் தமிழ்ப்படம் 1940 ஆகஸ்டில் வெளிவந்தது. பூனாவில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் ஏற்பட்டது 1964இல். படத்துக்கு அப்போது 24 வயது. இடையில் 1953இல் அமெரிக்காவில் ஒரு சுருக்கமான ஆங்கில வடிவம் வந்தது. வெகுகாலம் எல்லாமே தொலைந்ததாகக் கருதப்பட்ட பின், ஆ. இரா. வேங்கடாசலபதியின் தேடலில் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் அகப்பட்டது இந்த ஆங்கில வடிவம்தான். ஒரு தமிழன் ஊர் ஊராகத் திரட்டியதை இன்று வேற்று மொழிக் குரலில் பார்க்கிறோம்.

தேடி அலைந்த கதையைச் செட்டியார் எழுதியும் வைத்தார். அது வேங்கடாசலபதியின் பதிப்பில் ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்று 2003இல் நூலாயிற்று. எந்த ஊரில் யார் கதவைத் தட்டினார், எங்கே கை விரித்தார்கள் என்பதைக் காகிதம் இன்னும் வைத்திருக்கிறது.