கத்திரிக்காயின் இடத்தில் கோழி

அமெரிக்க ஐக்கிய நாட்டின் கிழக்குக் கரையோரத்து நகரங்களில், கட்டம் போட்ட மேஜைத்துணி விரித்து வைத்திருக்கும் இத்தாலிய போஜனசாலைகளின் உணவுப் பட்டியலில் அநேகமாகத் தவறாது இடம் பெறும் பதார்த்தம் ஒன்று உண்டு. எலும்பு நீக்கிய கோழி மார்புக்கறியைத் தட்டி மெல்லியதாக்கி, முட்டையில் நனைத்து, ரொட்டித்தூளில் புரட்டிப் பொன்னிறமாகப் பொரித்து, அதன்மேல் தக்காளிச் சாறு வார்த்து, அதற்கும் மேலே பாலாடைக்கட்டியை இட்டு, அனலில் உருக்கிக் கொண்டுவந்து வைப்பார்கள். சிக்கன் பார்மேசன் என்பது அதன் முழுப்பெயர். உரிமையோடு சுருக்கி 'சிக்கன் பார்ம்' என்று கேட்பவர்கள் ஏராளம். விடுதியில் உண்ட அந்த ருசியை வீட்டு அடுப்பில் வரவழைத்துவிட வேண்டும் என்னும் ஆசையால் அந்நாட்டு இல்லங்களில் நடக்கும் பிரயத்தனங்கள் கொஞ்சநஞ்சமல்ல. ஆனால் பெயரை நம்பி இத்தாலியின் பார்மா நகரத்துக்கே சென்று இதைக் கேட்கிற யாத்திரிகன் ஏமாந்துதான் போவான். அவ்வூரார் பன்றித்தொடையை உப்பிட்டு உலர்த்துவதிலும் பாலாடைக்கட்டி செய்வதிலும் பல நூற்றாண்டுக் கீர்த்தி படைத்தவர்கள். கோழியின்மேல் தக்காளியையும் பாலாடைக்கட்டியையும் ஏற்றும் சம்பிரதாயம் அவர்களுடையதன்று.

இந்தக் கோழியின் சரித்திரம் கத்திரிக்காயிலிருந்து புறப்படுகிறது. ஆசியாவின் தென்பகுதியில், நம் தேசத்தையும் அடுத்த நாடுகளையும் பிறப்பிடமாகக் கொண்ட கத்திரிக்காய், அராபியர் சென்ற வழியே மேற்கு நோக்கிப் பயணம் செய்து, இடைக்காலத்தில் சிசிலித் தீவையும் ஸ்பெயினையும் எட்டியது. தென்னித்தாலியர் அதை விரும்பி ஏற்றுக்கொள்ள, வடக்கே இருந்தவர்களோ நெடுங்காலம் அதைச் சந்தேகத்தோடுதான் பார்த்தார்கள். 1891-இல் சமையற்கலையைப் பற்றிப் பெருநூல் ஒன்றை வெளியிட்ட பெல்லெக்ரினோ அர்த்தூசி, நாற்பது வருஷங்களுக்கு முன்பு பிளாரன்ஸ் சந்தையில் இக்காயைக் காண்பதே அரிதாக இருந்ததென்றும், யூதர்கள் தின்பது என்று சொல்லி மற்றவர்கள் அதை இழிவாக எண்ணினார்கள் என்றும் எழுதி வைத்திருக்கிறார். நேப்பிள்ஸ் நகரத்தில் அத்தகைய அருவருப்பு இல்லை. அந்நகரத்துப் பிரபுவான இப்பொலித்தோ கவல்காந்தி 1837-இல் வெளியிட்ட நூலிலேயே, கத்திரிக்காயைச் சீவிப் பொரித்துப் பாத்திரத்தில் அடுக்கடுக்காகப் பரப்பி, இடையிடையே பாலாடைக்கட்டியும், துளசி இனத்ததான பேசில் இலையும், சாறும் சேர்த்து வேகவிடும் முறை இருக்கிறது. பார்மிஜானா என்று வழங்கும் இந்தப் பண்டத்தைத் தங்களுடையதென்று நேப்பிள்ஸும் சிசிலியும் பார்மாவும் ஆளுக்கொரு பக்கம் இழுத்துக்கொண்டிருக்கின்றன. அந்த வழக்கில் தீர்ப்புக் கூற எனக்கு உத்தேசமில்லை. துருவித் தூவுகிற பாலாடைக்கட்டி வடக்கத்தியது, மற்றதெல்லாம் தெற்கத்தியது என்பது மாத்திரம் வெளிப்படை.

அந்தப் பாலாடைக்கட்டியின் கௌரவமே தனி. பதினான்காம் நூற்றாண்டில் பொக்காச்சியோ தம்முடைய கதைத்தொகுதியில் கற்பனை செய்த போக பூமியில், துருவிய பார்மேசனாலான மலை ஒன்று நிற்கிறது. 1666-இல் லண்டன் மாநகரம் தீப்பற்றி எரிந்தபோது, சாமுவேல் பெப்பிஸ் என்னும் அரசாங்க உத்தியோகஸ்தர் தம் திராட்சை மதுவோடு பார்மேசனையும் தோட்டத்தில் குழிதோண்டிப் புதைத்து வைத்ததாகத் தம் நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். ஊரே பற்றியெரியும்போது எதைக் காப்பாற்றுகிறான் என்பதைக் கொண்டு ஒரு மனிதனை எடைபோடலாமென்றால், பெப்பிஸை நல்ல ரஸிகரென்றே சொல்ல வேண்டும். குறைந்தபட்சம் பன்னிரண்டு மாதம் பதப்பட்ட பிறகே இது விற்பனைக்கு வரலாம் என்பது இன்றைய விதி.

1861-இல் இத்தாலி ஒரே ராஜ்யமாக ஒன்றுபட்டது. ஆனால் அதனால் தெற்குப் பிராந்தியத்துக் குடியானவனின் வறுமை தீர்ந்தபாடில்லை. நிலமும் இல்லை, கூலியும் போதவில்லை, வரிச்சுமையோ ஏறிக்கொண்டே போயிற்று என்ற நிலையில், 1880-ஆம் ஆண்டிலிருந்து, குடியேற்றத்துக்குக் கடுமையான வரம்பு கட்டிய சட்டம் அமெரிக்காவில் நிறைவேறிய 1924 வரையில், நாற்பது லட்சத்துக்கும் மேற்பட்ட இத்தாலியர்கள் அந்நாட்டுக்குக் கப்பலேறினார்கள். கம்பானியா, கலாப்ரியா, சிசிலி முதலிய தென்பகுதிகளைச் சேர்ந்தவர்களே அவர்களில் பெரும்பாலோர். நியூயார்க்கின் மல்பெரி வீதி, பாஸ்டனின் வடகோடி, பிலடெல்பியாவின் தென்பகுதி ஆகிய இடங்களில் நெருக்கியடித்துக் குடியிருந்து, சுரங்கப்பாதை வெட்டவும் துறைமுகத்தில் மூட்டை சுமக்கவும் துணி தைக்கவும் போனார்கள். கூலி சொற்பம்தான், எனினும் சொந்த ஊரில் பண்டிகைக்கும் கல்யாணத்துக்கும் மட்டுமே கண்ணில் பட்ட இறைச்சி, இங்கே வாரத்தில் பல நாள் வாங்கக்கூடிய விலையில் கசாப்புக் கடையில் தொங்கிற்று. ஊரில் நிலச்சுவான்தார்கள் சாப்பிட்டதை இங்கே தாமும் சாப்பிடலாம் என்பதை அவர்கள் அற்ப விஷயமாகக் கருதவில்லை. உறவினருக்கு எழுதிய கடிதங்களில் இறைச்சியைப் பற்றிப் பெருமை பேசிக்கொண்டார்கள்.

கத்திரிக்காய் இருந்த இடத்தில் இறைச்சி வந்து அமர்ந்தது அவ்வாறுதான். பொரித்தல், சாறு வார்த்தல், பாலாடைக்கட்டி போர்த்துதல் என்னும் கிரியைகள் அப்படியே இருக்க, நடுவிலுள்ள பொருள் மட்டும் மாறிற்று. ஊரில் கோலிக்குண்டளவாக இருந்த கறியுருண்டை, அமெரிக்காவில் கைக்கடங்காமல் பருத்து ஸ்பாகெட்டியின்மேல் ஏறி உட்கார்ந்ததும் இதே கதைதான். முதலில் வந்தது கோழியன்று, கன்றின் இறைச்சி. இது இன்றைக்கு விபரீதமாகத் தோன்றலாம். ஆனால் அந்நாளில் கோழி முட்டைக்காக வளர்க்கப்பட்டதேயன்றிக் கறிக்காக அன்று. முட்டையிட்டு ஓய்ந்ததை அறுத்தாலுண்டு. இல்லாவிட்டால் ஞாயிற்றுக்கிழமை விருந்துக்கென்று அதிக விலை கொடுத்து வாங்க வேண்டும். கன்றின் இறைச்சியையும் பன்றிக்கறியையும் குச்சியில் கோத்துக் கோழிக்காலைப்போலப் பிடித்துவைத்து, 'நகரத்துக் கோழி' என்று பெயரிட்டுப் பரிமாறும் வழக்கம் அக்காலத்தில் பிட்ஸ்பர்க் முதலிய பட்டணங்களில் இருந்ததென்றால், கோழியின் அருமையைப் பற்றி வேறு சாட்சி வேண்டியதில்லை.

இந்த நிலைமை தலைகீழானதற்குத் தொடக்கம் ஓர் எண்ணிக்கைப் பிழை. 1923-இல் டெலாவேர் மாநிலத்தின் ஓஷன் வியூ என்னும் சிற்றூரில் இருந்த சிசீல் ஸ்டீல் என்ற மாது, முட்டைக்காக வளர்க்க ஐம்பது குஞ்சுகள் வேண்டுமென்று எழுதியனுப்ப, ஐந்நூறு குஞ்சுகள் வந்திறங்கின. திருப்பியனுப்பாமல் கொட்டகை போட்டு வளர்த்து, இளங்கோழிகளாகவே கறிக்கு விற்றதில் ராத்தலுக்கு 62 சென்ட் கிடைத்தது. மறு வருஷம் ஆயிரம், சில ஆண்டுகளில் பதினாயிரம் என்று தொழில் விருத்தியாயிற்று. அக்கம்பக்கத்தாரும் அவ்வழியே இறங்கினார்கள். இரண்டாம் உலகப் போர் முடிந்த தறுவாயில், ஏ அண்ட் பி என்னும் பெரிய மளிகை நிறுவனத்தின் ஆதரவில் 'நாளைய கோழி' என்ற பெயரால் நாடு தழுவிய போட்டி ஒன்று நடந்தது. சீக்கிரம் வளரவேண்டும், நெஞ்சில் சதை அதிகம் இருக்கவேண்டும் என்பன அதன் நிபந்தனைகள். 1948-இல் நடந்த இறுதிச்சுற்றில் வென்ற கலிபோர்னியாக்காரரின் கலப்பினக் கோழிகள் பின்னர் கறிக்கோழித் தொழில் முழுவதிலும் பரவின. அகன்ற, வெண்மையான, எலும்பை எளிதில் நீக்கக்கூடிய மார்புக்கறி மலிந்த பிறகு, கன்றின் இறைச்சி செய்த வேலையைக் குறைந்த விலையில் கோழி செய்யத் தொடங்கியது.

மதுவிலக்கு அமலில் இருந்த 1920 முதல் 1933 வரையிலான காலத்தில் இத்தாலியக் குடும்பங்கள் நடத்திய சிறு விடுதிகள் பல, வீட்டில் இறக்கிய திராட்சை மதுவைக் கோப்பையில் ஊற்றிப் பரிமாறி வந்தன. அதை நாடி வந்த மற்ற அமெரிக்கர்கள், மது கிடைக்கும் இடத்தில் உணவும் நன்றாயிருக்கக் கண்டு வாடிக்கைக்காரராயினர். பூண்டு வாசனையை இகழ்ந்து பேசிய ஜனங்களே பிற்பாடு வரிசையில் காத்து நின்றார்கள். 1982-இல் ஆலிவ் கார்டன் என்னும் சங்கிலி விடுதி பிளாரிடாவில் தொடங்கியபின், இத்தாலியரையே கண்டறியாத உள்நாட்டு ஊர்களுக்கும் இவ்வகை உணவு போய்ச் சேர்ந்தது. கடல் கடந்தும் இதற்குத் தாயாதிகள் உண்டு. ஆர்ஜென்டினாவில் மாட்டிறைச்சியை வைத்து இதேபோலச் செய்து நேப்பிள்ஸின் பெயரைச் சூட்டியிருக்கிறார்கள். ஆஸ்திரேலியாவின் மதுக்கடைகளில் இது 'பார்மா' என்ற பெயரோடு உருளைக்கிழங்குப் பொரியல் சகிதம் வருகிறது.

இது மெய்யான இத்தாலிய உணவன்று என்று ஏளனம் செய்வது படித்தவர்களிடையே ஒரு நாகரிகமாக இருந்து வருகிறது. என் அபிப்பிராயம் வேறு. பிழைக்கப் போன தேசத்தில், தாய்வீட்டுச் சமையலின் ஞாபகத்தை அந்தத் தேசத்துச் செழிப்பைக் கொண்டு நிறைவேற்றிக்கொண்ட ஜனங்களின் கைவேலை இது. அந்த அளவில் இதற்கு ஒரு பொய்யும் இல்லை. வீட்டில் பிறந்த பாகம் விடுதிக்குப் போயிற்று. விடுதியில் மாறிய பாகத்தை இப்போது வீடு திருப்பிக் கேட்கிறது. அந்த மாற்றம் எதில் இருக்கிறதென்று தெரியாமல் கேட்பதால்தான் பலருக்குக் கைகூடுவதில்லை.

விடுதியின் பலம் நெருப்பு. நிறைய எண்ணெய் பிடிக்கும் பாத்திரத்தில், கறியைப் போட்டபின்னும் சூடு தணியாமல் பொரிக்கிறார்கள். அடுத்தபடியாக, சாலமாண்டர் என்று சமையல்காரர்கள் சொல்லும், மேலிருந்து தணல் வீசும் அடுப்பின் கீழ்த் தட்டை ஓரிரு நிமிஷம் நீட்டுகிறார்கள். பாலாடைக்கட்டி உருகிக் கொப்புளித்துப் புள்ளி விழுமுன் கீழேயிருக்கும் மொறுமொறுப்பு நனைவதற்கு அவகாசமே இல்லை. வீட்டிலோ, பொரித்த கறியைக் கண்ணாடித் தட்டில் அடுக்கி, முழுவதும் மூழ்கும்படி சாற்றைக் கொட்டி, அரைமணி நேரம் ஓவனில் வைத்துவிடுகிறார்கள். யோசித்துப் பார்த்தால் அது கத்திரிக்காய்க்குரிய பக்குவம். கத்திரிக்காய் ஊற ஊறத்தான் ருசிக்கும். ரொட்டித்தூள் ஊறினால் பிசுபிசுத்துக் கழன்றுபோகும். பொருள் மாறியும் பழைய பக்குவம் மாறாமல் கையோடு தங்கிவிட்டது.

ஆகவே விடுதியின் ருசியை விரும்புகிறவர், கறியை எங்கும் ஒரே கனமாக, ஒரு சென்டிமீட்டருக்கு மேற்படாமல் தட்டிக்கொள்ள வேண்டும். கனம் ஒன்றாயிராவிட்டால் ஓரம் உலர்ந்த பின்னும் நடு வேகாது. மாவு, முட்டை, ரொட்டித்தூள் என்ற வரிசையில் புரட்டி, சிறிது நேரம் அப்படியே விட்டால் மேல்தோல் பிடித்துக்கொள்ளும். ரொட்டித்தூளோடு துருவிய பார்மேசனையும் கலப்பது, பெயருக்கும் நியாயம், உப்புக்கும் சௌகரியம். எண்ணெய் 175 டிகிரிக்குக் குறையாதிருக்க, ஒரு வாணலியில் இரண்டு துண்டுக்கு மேல் போடலாகாது. எடுத்ததைக் காகிதத்தின்மேல் போடாமல் கம்பித்தட்டில் வைத்தால் அடிப்பக்கம் வியர்க்காது. சாறு, பூண்டும் ஆலிவ் எண்ணெயும் சேர்த்து, கரண்டியில் நிற்குமளவு சுண்டியதாக இருக்கட்டும். அதில் இரண்டு கரண்டி மட்டும் நடுவில் பரப்பி, ஓரங்களை வெறுமையாக விட்டுவிட வேண்டும். அந்த வெறுமைதான் கடைசி வாய் வரையில் மொறுமொறுப்பாக இருக்கும். நீரில் மிதக்கும் புதிய மொஸரெல்லா பார்வைக்கு உயர்த்தியானாலும் இதற்கு உதவாது; ஈரம் குறைந்த கெட்டி வகையே உசிதம். ஓவனின் மேற்கம்பியை முன்கூட்டியே உச்சச் சூட்டுக்கு ஏற்றிவைத்து, மூன்று நான்கு நிமிஷம் பக்கத்திலேயே நின்று கவனித்து எடுத்துவிடலாம்.

இத்தனை சொன்ன பிறகும், சாற்றில் ஊறிய வீட்டுப் பாகத்தை நான் குறைத்துப் பேசமாட்டேன். ஞாயிற்றுக்கிழமை மதியம் பத்துப்பேர் உட்காரும் மேஜைக்குத் தட்டுத் தட்டாக அனல் காட்டிக்கொண்டிருக்க ஒரு குடும்பத்தலைவிக்குச் சாத்தியப்படாது. பெரிய தட்டில் அடுக்கி ஓவனில் வைத்துவிட்டுத் தானும் உட்கார்ந்து சாப்பிடுகிறாள். மிஞ்சியதை மறுநாள் சுடவைத்து, நீளமான ரொட்டியைப் பிளந்து அதற்குள் திணித்துத் தின்பார்கள். அந்த ரொட்டியையும் விடுதிக்காரர்கள் விட்டுவைக்கவில்லை. மதியப் பட்டியலில் அதற்குத் தனி விலை போட்டு விற்கிறார்கள்.