சனிக்கிழமை ஆட்டம் எந்த அலைவரிசையில்?

அமெரிக்கக் கல்லூரிக் காற்பந்தைப் பின்தொடர்கிறவர்களுக்கு ஒவ்வொரு வாரமும் வருகிற கேள்வி ஒன்று உண்டு. நம்ம அணியின் ஆட்டம் இந்த வாரம் எதில் வருகிறது? கேட்பதற்குச் சின்னக் கேள்விதான். ஆனால் அதன் பின்னால் ஏறக்குறைய 75 ஆண்டு வழக்கும் பணமும் பகையும் இருக்கின்றன.

முதலில் ஒன்றைத் தெளிவுபடுத்திவிடுகிறேன். நாம் இங்கே காற்பந்து என்றால் உருண்டைப் பந்தைக் காலால் உதைக்கும் ஆட்டம். நான் சொல்வது தலைக்கவசமும் தோள்கவசமும் போட்டு, முட்டை வடிவப் பந்தைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடும் அமெரிக்க ஆட்டம். மாமாக் கடையில் இரவு இரண்டு மணிக்கு உட்கார்ந்தாலும் பெரிய திரையில் இங்கிலாந்து லீக் ஓடும், இது ஓடாது. எனக்கு இது அறிமுகமானது வேலையிடத்தில். பினாங்கில் நான் வேலை செய்யும் தொழிற்சாலைக்கு ஓரிகன் மாநிலத்திலிருந்து ஒரு மூத்த பொறியாளர் இரண்டு ஆண்டு ஒப்பந்தத்தில் வந்திருந்தார். படித்தது கோர்வாலிஸ் ஊரில் இருக்கும் ஓரிகன் ஸ்டேட் பல்கலைக்கழகத்தில். வெள்ளிக்கிழமை மதியம் ஆனால் போதும், மடிக்கணினியைத் திறந்து வைத்துக்கொண்டு தன் அணியின் ஆட்டம் எங்கே வரும் என்று தேட ஆரம்பித்துவிடுவார்.

எங்கள் பிரிவின் மூத்த டெக்னீஷியன் அண்ணன் ஒருநாள் என்னிடம் கேட்டார். "ஏன் தம்பி, யுனிவர்சிட்டி பசங்க ஆடுறதுக்கா இவ்ளோ கலாட்டா? நம்ம ஊர்ல யுனிவர்சிட்டி டீம் ஆடுனா கூடப் படிக்கிறவனே வந்து பாக்க மாட்டான்."

அண்ணன் சொன்னது உண்மை. நான் உள்ளூர்ப் பல்கலைக்கழகத்தில் நான்கு ஆண்டுகள் படித்தேன். எங்கள் அணி யாரிடம் தோற்றது, யாரை வென்றது என்பதெல்லாம் எனக்குத் தெரியாது. அங்கே நிலைமை வேறு. மிச்சிகன் பல்கலைக்கழகத் திடலில் 1,00,000க்கும் அதிகமானவர்கள் உட்கார்ந்து பார்க்கிறார்கள். அண்ணனின் கேள்விக்குப் பதில் தேடப் போய்த்தான் இந்த வரலாற்றுக்குள் வந்து மாட்டினேன்.

*

கல்லூரிக் காற்பந்தின் முதல் ஆட்டம் 1869 நவம்பர் 6 அன்று நியூஜெர்சியில் ரட்கர்ஸ், பிரின்ஸ்டன் கல்லூரிகளுக்கிடையே நடந்தது. தொலைக்காட்சிக்கு அது வந்து சேர அறுபத்தொன்பது ஆண்டுகள் ஆயின. 1938இல் பென்சில்வேனியா பல்கலைக்கழகம் தன் உள்ளூர் ஆட்டம் ஒன்றை ஒளிபரப்பியது. 1940 முதல் 1950 வரை அதன் உள்ளூர் ஆட்டங்கள் எல்லாமே ஒளிபரப்பாயின. அப்போதெல்லாம் கேள்விக்கே இடமில்லை. ஆட்டம் கல்லூரியுடையது, காட்டுவதா வேண்டாமா என்பது கல்லூரியின் விருப்பம். அவ்வளவுதான்.

1950 வாக்கில் வீடுகளில் தொலைக்காட்சிப் பெட்டிகள் பெருகின. திடலுக்கு வரும் கூட்டம் குறைகிறது என்ற பயம் கல்லூரிகளுக்கு வந்தது. நுழைவுச்சீட்டுதான் அவர்களின் வருமானம். 1951 ஜனவரியில் தேசியக் கல்லூரி விளையாட்டுச் சங்கம், அதாவது என்சிஏஏ, கூடி ஒரு கட்டுப்பாட்டுத் திட்டத்தை ஏற்றுக்கொண்டது. ஆதரவாக 161 ஓட்டு, எதிராக 7. அதன்படி ஒரு வட்டாரத்தில் வாரத்துக்கு ஓர் ஆட்டம்தான் ஒளிபரப்பாகலாம். பருவத்தின் பத்துச் சனிக்கிழமைகளில் மூன்றில் எதுவுமே கிடையாது. ஓர் அணி ஒரு பருவத்தில் இரண்டு முறைக்கு மேல் திரையில் வரக்கூடாது.

பென்சில்வேனியா ஒத்துக்கொள்ளவில்லை. எங்கள் ஆட்டங்களை நாங்கள் காட்டுவோம் என்று அறிவித்தது. சங்கம் உடனே அதை நன்னிலையில் இல்லாத உறுப்பினர் என்று அறிவித்தது. அந்த ஆண்டு பென்சில்வேனியாவின் திடலுக்கு வந்து ஆட வேண்டிய நான்கு கல்லூரிகள் வரமாட்டோம் என்றன. எதிரணி இல்லாமல் யாருடன் ஆடுவது? பென்சில்வேனியா பணிந்தது.

எனக்கு இந்த இடம் முக்கியமாகப் படுகிறது. வாரத்துக்கு ஓர் ஆட்டம்தான் என்றானதற்குத் தொழில்நுட்பம் காரணமில்லை. கேமரா இருந்தது, அலைபரப்பி இருந்தது, பார்க்க ஆளும் இருந்தார்கள். தட்டுப்பாடு ஓட்டெடுப்பில் உண்டாக்கப்பட்டது.

இந்த ஏற்பாட்டின் அபத்தம் 1966இல் ஊருக்கே தெரிந்தது. அந்த ஆண்டு நவம்பர் 19இல் நோட்ர டேமும் மிச்சிகன் ஸ்டேட்டும் மோதின. நாட்டின் முதல் இரண்டு இடங்களில் இருந்த அணிகள். ஆனால் நோட்ர டேம் தனக்குரிய தேசிய ஒளிபரப்பு வாய்ப்பைப் பருவத்தின் முதல் ஆட்டத்திலேயே தீர்த்துவிட்டிருந்தது. ஆகவே அந்த நூற்றாண்டின் ஆட்டம் என்று பேசப்பட்டதை வட்டார ஒளிபரப்பாக மட்டுமே காட்ட முடியும் என்றானது. ரசிகர்கள் ஏபிசி நிறுவனத்துக்கு ஆயிரக்கணக்கில் கடிதம் எழுதித் தள்ளினார்கள். கடைசியில் விடுபட்ட பகுதிகளுக்குப் பதிவுசெய்து தாமதமாகக் காட்டும் ஏற்பாடு நடந்தது. ஆட்டம் 10க்கு 10 என்று சமனில் முடிந்தது.

*

இப்படியே போயிருந்தால் கேள்விக்குப் பதில் எளிதாகவே இருந்திருக்கும்: சங்கம் எதைக் காட்டுகிறதோ அதுதான். அதை உடைத்தவை பெரிய அணிகளைக் கொண்ட கல்லூரிகள். தங்களுக்குள் ஒரு கூட்டமைப்பை உருவாக்கிக்கொண்டு 1981இல் என்பிசியுடன் தனியே ஒப்பந்தம் பேசின. சங்கம் தண்டிப்போம் என்று மிரட்டியது. ஓக்லஹோமா, ஜார்ஜியா பல்கலைக்கழகங்கள் நீதிமன்றம் போயின.

வழக்கில் சொல்லப்பட்ட ஒரு விவரத்தைப் படித்துச் சிரித்துவிட்டேன். 1981இல் ஒரு வார இறுதியில் ஓக்லஹோமாவும் தென்கலிபோர்னியாவும் மோதிய ஆட்டம் 200க்கும் மேற்பட்ட நிலையங்களில் வந்தது. அதே வாரம் சிட்டடல், அப்பலாச்சியன் ஸ்டேட் என்ற இரண்டு சிறிய கல்லூரிகளின் ஆட்டம் நான்கே நிலையங்களில் வந்தது. நான்கு அணிகளுக்கும் கிடைத்தது ஒரே தொகை. இது எப்படி நியாயம் என்று பெரியவர்கள் கேட்டார்கள். சிறியவர்கள் பக்கம் இருந்து பார்த்தால், அந்தச் சமப் பங்கு ஒன்றுதான் அவர்களுக்குக் கிடைத்த நியாயம்.

1984 ஜூன் 27 அன்று உச்ச நீதிமன்றம் 7க்கு 2 என்ற கணக்கில் சங்கத்தின் திட்டம் போட்டிச் சட்டத்துக்கு விரோதமானது என்று தீர்ப்பளித்தது. எழுதியவர் நீதிபதி ஸ்டீவன்ஸ். மாற்றுத் தீர்ப்பு எழுதியவர் பைரன் வைட். அவர் கொலராடோ பல்கலைக்கழகத்தின் புகழ்பெற்ற காற்பந்து வீரராக இருந்தவர். சந்தையிடம் விட்டுவிட்டால் கல்லூரி விளையாட்டில் கல்லூரி என்பது என்னாகும் என்பதுதான் அவருடைய கவலை. இருந்த ஒன்பது பேரில் அந்தத் திடலில் புகழ்பெற்றவர் அவர் ஒருவர்தான். அவர் தோற்ற பக்கத்தில் இருந்தார்.

தீர்ப்பின் பலன் உடனே தெரிந்தது. ஆட்டங்கள் திரையில் குவிந்தன. சரக்கு கூடியதால் முதலில் விலைகூடச் சரிந்தது. 1979இல் தொடங்கியிருந்த இஎஸ்பிஎன் போன்ற கேபிள் அலைவரிசைகளுக்குச் சனிக்கிழமை முழுக்க நிரப்ப ஆட்டம் வேண்டியிருந்தது. 1990இல் நோட்ர டேம் கூட்டமைப்பையும் விட்டு விலகி, தன் உள்ளூர் ஆட்டங்களை என்பிசிக்குத் தனியாக விற்றது. உரிமை சங்கத்திடமிருந்து கூட்டமைப்புக்கும், அங்கிருந்து மாநாடுகளுக்கும் இறங்கியது. மாநாடு என்பது இங்கே கூட்டம் இல்லை. தங்களுக்குள் ஆடிக்கொள்ளும் பத்துப் பதினைந்து கல்லூரிகளின் குழு.

2007இல் பிக் டென் மாநாடு தனக்கென்று ஓர் அலைவரிசையையே தொடங்கியது. தொடங்கிய இரண்டாம் நாள், செப்டம்பர் 1 அன்று, நாட்டில் ஐந்தாம் இடத்தில் இருந்த மிச்சிகனின் திடலுக்கு ஒரு சிறிய கல்லூரி வந்து ஆடியது. கடைசி நொடிகளில் மிச்சிகனின் உதையைத் தடுத்து 34க்கு 32 என்று வென்றது. கல்லூரிக் காற்பந்தின் மிகப் பெரிய அதிர்ச்சிகளில் ஒன்று என்று இன்றும் அதைச் சொல்கிறார்கள். ஆனால் பல பெரிய கேபிள் நிறுவனங்கள் அந்தப் புதிய அலைவரிசையை அப்போது எடுத்திருக்கவில்லை. நாட்டின் பெரும்பகுதி அந்த ஆட்டத்தை நேரலையில் பார்க்கவே இல்லை.

வென்ற கல்லூரி எது தெரியுமா? அப்பலாச்சியன் ஸ்டேட். 1981இல் நான்கு நிலையங்களில் வந்த அதே அணி.

*

இன்று ஓர் ஆட்டம் எங்கே வரும் என்று கண்டுபிடிக்க ஒரு வழிமுறை இருக்கிறது. சர்க்யூட் வரைபடத்தைப் பின்தொடர்வது மாதிரி. முதலில் ஆட்டம் யாருடைய திடலில் என்று பார்க்க வேண்டும். உரிமை பொதுவாக உள்ளூர் அணிக்குத்தான். அடுத்து அந்த அணி எந்த மாநாட்டில் இருக்கிறது. அதன்பின் அந்த மாநாடு யார் யாருக்கு விற்றிருக்கிறது. ஒரே மாநாடு மூன்று நான்கு நிறுவனங்களுக்குப் பிரித்து விற்றிருக்கும். எந்த ஆட்டம் யாருக்கு, எத்தனை மணிக்கு என்று அந்த நிறுவனங்கள் வரிசைப்படி தேர்ந்தெடுக்கும். பல ஆட்டங்களுக்கு 12 நாட்களுக்கு முன்னால்தான் நேரம் தெரியும். சிலவற்றுக்கு 6 நாள்தான். அதனால்தான் போன மாதம் கிடைத்த பதில் இந்த வாரம் செல்லாது. எல்லாம் சரியாகத் தெரிந்தாலும் கேபிள் நிறுவனமும் அலைவரிசையும் கட்டணத்துக்குச் சண்டை போட்டால் திரை கறுத்துவிடும். 2023 ஆகஸ்ட் 31 அன்று ஃப்ளோரிடா, யூட்டா ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே ஒரு பெரிய கேபிள் நிறுவனத்தின் வாடிக்கையாளர்களுக்கு அப்படி நடந்தது.

நமக்கு ஒரு வசதி. நியூயார்க்குக்கும் நமக்கும் செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் சரியாகப் பன்னிரண்டு மணிநேர வித்தியாசம். கடிகாரத்தை மாற்ற வேண்டியதில்லை. அங்கே சனி மாலை 3:30 என்றால் இங்கே ஞாயிறு விடியற்காலை 3:30. ஓரிகனில் மாலை 7:30க்குத் தொடங்கும் ஆட்டம் நமக்கு ஞாயிறு காலை 10:30. தோசை சாப்பிட்டுக்கொண்டே பார்க்கலாம்.

நான் சொன்ன பொறியாளரின் அணிக்கு நடந்தது வேறு. ஓரிகன் ஸ்டேட், 1915இல் தொடங்கிய பசிபிக் கரை மாநாட்டின் நிறுவன உறுப்பினர். அதன் வாரிசான பாக்-12 மாநாடு 2012இல் சொந்த அலைவரிசை தொடங்கியது. பெரிய செயற்கைக்கோள் நிறுவனமான டைரெக்டிவி கடைசிவரை அதை எடுக்கவில்லை. வருமானத்தில் மற்ற பெரிய மாநாடுகளைவிடப் பின்தங்கியது. 2022 ஜூன் 30இல் தென்கலிபோர்னியாவும் யுசிஎல்ஏவும் பிக் டென்னுக்குப் போவதாக அறிவித்தன. 2023 ஆகஸ்டில் புதிய ஒப்பந்தமாக ஆப்பிள் நிறுவனத்தின் இணையச் சேவை பேச்சில் இருந்தது. நிச்சயத் தொகை போதவில்லை. ஆகஸ்ட் 4 ஒரே நாளில் ஐந்து கல்லூரிகள் கிளம்பின. மிஞ்சியவை கடைசியில் ஓரிகன் ஸ்டேட்டும் வாஷிங்டன் ஸ்டேட்டும் மட்டும். பன்னிரண்டு பேர் குடியிருந்த வீட்டில் இரண்டு பேர்.

அதே மாநிலத்தில் 70 கிலோமீட்டர்கூடத் தள்ளியிராத ஓரிகன் பல்கலைக்கழகம், 1894 முதல் இவர்களோடு மோதிவருவது, இப்போது நியூஜெர்சியின் ரட்கர்ஸோடு ஒரே மாநாட்டில் இருக்கிறது. இடையில் ஒரு கண்டமே கிடக்கிறது. வரைபடத்தைப் பார்த்துப் போட்ட கூட்டணி இல்லை இது. எத்தனை வீடுகளில் எந்த அலைவரிசை தெரியும் என்ற கணக்கில் போட்டது.

"இப்போ ஆட்டம் பாக்கறது ஈஸிதான்," என்று அவர் சொன்னதாக அண்ணனிடம் சொன்னேன். "பாக்க என்ன இருக்குன்னுதான் தெரியலையாம்." அண்ணன் சிரிக்கவில்லை.

*

இந்தக் கதையில் நல்லவர், கெட்டவர் என்று பிரிக்க எனக்கு வரவில்லை. 1951இன் கட்டுப்பாடு பார்வையாளரின் கண்ணைக் கட்டியது, ஆனால் சிட்டடலுக்கும் ஓக்லஹோமாவுக்கும் ஒரே கூலி கொடுத்தது. 1984இன் விடுதலை கண்ணைத் திறந்தது. கூடவே, திரையில் விலைபோகாதவனை வீதியில் விட்டது. பைரன் வைட் பயந்தது நடந்துவிட்டது என்று சொல்லலாம்தான். ஆனால் அவர் காப்பாற்ற நினைத்த பழைய ஒழுங்கிலும் ஒரு ஓட்டை இருந்தது.

ஆடிய மாணவர்களைப் பற்றித்தான் சொல்கிறேன். இத்தனை ஒப்பந்தங்களிலும் அவர்களுக்குக் கல்விச் சலுகைக்கு மேல் பங்கு இல்லை. பெரிய கல்லூரிகளுக்கு விடுதலை தந்த அதே 1984 தீர்ப்பில், வீரர்களுக்கு ஊதியம் தராத மரபைப் போற்றும் சில வரிகள் இருந்தன. அந்த வரிகளை வைத்தே சங்கம் பல ஆண்டுகள் வழக்குகளில் தற்காத்துக்கொண்டது. 2021இல்தான் உச்ச நீதிமன்றம் ஒன்பது பேரும் ஒருமித்து அந்த அரணில் கைவைத்தார்கள். 2025 ஜூலை முதல் கல்லூரிகள் வீரர்களுக்கு நேரடியாகப் பணம் தரலாம். 1938இலிருந்து கணக்குப் போட்டால் 87 ஆண்டுகள்.

ஆட்டத்தைக் காட்டும் உரிமை யாருடையது என்று பல்கலைக்கழகமும் சங்கமும் மாநாடும் அலைவரிசையும் மாறி மாறி அடித்துக்கொண்டன. அந்தச் சண்டை எதிலும் களத்தில் விழுந்து எழுந்த இருபது வயதுப் பையன் ஒரு தரப்பாக இருந்ததில்லை. இப்போது அவனும் வந்து உட்கார்ந்திருக்கிறான். அடுத்த ஒப்பந்தம் பேசும்போது அவனுடைய பங்கும் அந்தத் தொகையில் இருக்கும். அது ஓரிகன் ஸ்டேட் மாதிரியான கல்லூரிகளை மேலும் ஓரத்துக்குத் தள்ளவும் கூடும். அதற்காக அவனை மறுபடி சம்பளமில்லாமல் ஆடச்சொல்ல யாருக்கும் உரிமை இல்லை.