துனிசியா: எழுச்சிக்குப் பிந்தைய மக்களாட்சி

சிதி பூசித் நகரில் தள்ளுவண்டியில் பழம் விற்ற முகமது பூவசீசி, தராசும் சரக்கும் பறிமுதலான ஆத்திரத்தில் 2010 டிசம்பர் 17 அன்று ஆளுநர் அலுவலகத்தின் முன் தீக்குளித்தார். நாடெங்கும் கிளர்ச்சி மூண்டது. 23 ஆண்டுகள் ஆண்ட அதிபர் பென் அலி 2011 ஜனவரி 14 அன்று சவூதி அரேபியாவுக்குத் தப்பினார். எழுச்சி பிற அரபு நாடுகளுக்கும் பரவியது. ஆனால் எகிப்தில் 2013இல் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. லிபியா, சிரியா, யேமன் உள்நாட்டுப் போரில் சிக்கின.

துனிசியாவிலும் 2013இல் இரண்டு எதிர்க்கட்சித் தலைவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டனர். நாடு பிளவுபடாமல் காத்தது ராணுவமன்று. தொழிற்சங்கம், முதலாளிகள் சங்கம், மனித உரிமைக் கழகம், வழக்கறிஞர் சங்கம் ஆகிய நான்கும் கட்சிகளை ஒரே மேசையில் உட்கார வைத்தன. அரபு எழுச்சியின் ஆகப் பெரிய சாதனை இதுதான். 2014 ஜனவரியில் புதிய அரசமைப்பு நிறைவேறியது; இந்த நால்வர் அணிக்கு 2015இல் நோபல் அமைதிப் பரிசு கிடைத்தது.

ஆனால் அந்த அரசமைப்பு விதித்த அரசமைப்பு நீதிமன்றம் அமையவே இல்லை. நீதிபதிகள் தேர்வில் கட்சிகள் உடன்படவில்லை. இது மன்னிக்க முடியாத அலட்சியம். 2021 ஜூலை 25 அன்று அதிபர் கைஸ் சயீத் நாடாளுமன்றத்தை முடக்கியபோது தட்டிக் கேட்க அந்த நீதிமன்றம் இல்லை. வேலையின்மையால் வெறுத்துப்போன பலர் தெருவில் இறங்கிக் கொண்டாடவும் செய்தார்கள். ஆனால் 2022 டிசம்பரில் நடந்த நாடாளுமன்றத் தேர்தலில் வாக்களித்தோர் ஏறத்தாழ 11 விழுக்காட்டினரே.